ஒலிவாங்கிக்கு முன் பென்சில்

கொழும்பில் தமிழ்ச் செய்தி வாசிக்க வருபவர்களிடம் எல்லோரும் முதலில் குரலைத்தான் பார்க்கிறார்கள். ஆனால் குரல் தேர்வில் தேறியவரையும் விழுத்துவது பெயர்கள். கண்டியின் ‘க’ வேறு, கம்பஹாவின் ‘க’ வேறு, எழுத்து ஒன்றுதான். ‘காலி வீதி’யை வெறுமையாகக் கிடக்கும் வீதிபோல வாசித்தால் வெள்ளவத்தையில் பஸ்ஸுக்கு நிற்பவருக்கே காது கூசும். பிரேமதாசவும் பண்டாரநாயக்கவும் அடுத்தடுத்த வரியில் வந்தால், நாக்கு முதற் பெயரின் ‘ப’வையே இரண்டாவதற்கும் கொடுத்துவிடும். அதனால் பிரதி கைக்கு வந்ததும் தொண்டை அதிர ஒலிக்கவேண்டிய எழுத்துகளின் கீழே கோடிட வேண்டும். பென்சிலால்தான், செய்தியாசிரியர் கடைசி நிமிடத்திலும் மாற்றுவார்.

அடுத்தது வாக்கியம். “எரிபொருள் விலை குறையும், பஸ் கட்டணமும் திருத்தப்படும் என்று அமைச்சர் கூறினார்” என்பது பத்திரிகைக்குச் சரி. வானொலியில் கேட்பவர் முன்பாதியோடு அடுப்படிக்குப் போய்விட்டால், விலை குறைந்துவிட்டது என்றே அயலுக்குச் சொல்வார். யார் சொன்னார் என்பது முன்னே வரட்டும்.

எண்களையும் வாயில் வைத்துக் கணக்குப் பார்க்கக் கூடாது. அறிக்கையில் 1,250 மில்லியன் ரூபா என்றிருந்தால், ‘நூற்றிருபத்தைந்து கோடி’ என்று மேலே எழுதிக்கொண்டே கலையகத்துக்குள் போக வேண்டும்.

தாளில் ஒரு பக்கம் மட்டும் அச்சு, குத்தூசி கூடாது, ஒரு வாக்கியமும் அடுத்த தாளுக்குத் தாவக் கூடாது. வாசித்த தாளைப் புரட்டாமல் பக்கத்தே நகர்த்திவிட்டால் சரசரப்பு இராது. ஒலிவாங்கி ஒரு சாண் தூரத்தில், வாய்க்கு நேரே அல்லாமல் சற்றுச் சரிந்து இருக்கட்டும். நேரே இருந்தால் ‘ப’ வரும்போதெல்லாம் காற்று மோதி வெடிக்கும்.

பத்து நிமிடச் செய்தியில் நேரத்தைப் பின்னாலிருந்து எண்ண வேண்டும். முடிவுத் தலைப்புகளை மணிக்கூட்டைப் பார்த்து உரக்க வாசித்தபோது நாற்பது விநாடி எடுத்தால், ஒன்பது நிமிடம் இருபது விநாடியில் அந்தத் தாள் கையில் இருக்க வேண்டும். விடக்கூடிய செய்தி எதுவென்று முன்பே குறித்திருந்தால் பதற்றமில்லை. வேகமாக வாசித்து ஈடுசெய்யப் பார்ப்பவர்தான் பெயர்களைக் கொல்வார்.

1967இல் கூட்டுத்தாபனமாகிய இலங்கை வானொலியில் மரண அறிவித்தல் வாசிப்பது நெடுங்கால வழக்கம். செய்தியை விடக் கவனம் வேண்டியது அதுதான் என்பேன். கோண்டாவிலா கொக்குவிலா என்று கேட்டு பஸ் ஏறும் உறவினர் இருக்கிறார்கள். ஊர், கிரியை நேரம், மயானம் மூன்றுக்கும் முன்னால் மூச்சுவிட்டு நிதானமாகச் சொல்ல வேண்டும். கையெழுத்து விளங்காவிட்டால் அறிவித்தல் தந்தவருக்கே தொலைபேசி எடுத்துக் கேட்க வேண்டும். அதற்கு நேரமில்லை என்பவரை நான் இந்த வேலைக்கு எடுக்கமாட்டேன்.