தாத்தாவின் ஏலக் கணக்குச் சீட்டு

இந்தச் சிறப்பு மலருக்காகப் பள்ளி நாள்களைப் பற்றி எழுதக் கேட்டதும், வகுப்பறைக்கு முன்பாக எனக்கு நினைவுக்கு வந்தது ஒரு பழுப்புநிறச் சீட்டு.

மேட்டுப்பாளையத்தில் உருளைக்கிழங்கு ஏலம் முடிந்து லாரி நீலகிரியில் எங்கள் ஊருக்கு மலையேறி வந்தால், மறுநாள் மாலை தாத்தா எனக்காகத் திண்ணையில் காத்திருப்பார். புத்தகப்பையைக் கழற்றுவதற்குள் மடியிலிருந்து சீட்டை எடுத்து நீட்டுவார். அவருக்குப் படிக்கத் தெரியாது. மூட்டை எத்தனை, எடை எவ்வளவு, என்ன விலைக்குப் போனது, லாரி வாடகை, கூலி, கழிவு என்று நான் வாசிக்க வாசிக்க, மண் ஏறிக் கறுத்த விரல்கணுக்களில் எண்ணிக்கொண்டே வருவார். கடைசித் தொகையைச் சொன்னதும், "இன்னொரு முறை மேலிருந்து படிடா" என்பார். சந்தேகத்தால் அல்ல, அதைக் கேட்பதில் அவருக்கு அத்தனை நிறைவு.

அவர் இளைஞராக இருந்தபோது விதைக்கிழங்கும் உரமும் மண்டியில் கடனுக்கு வாங்க வேண்டும், விளைந்ததை அதே மண்டியில்தான் போட வேண்டும். எடை அவர்கள் சொல்வது, விலையும் அவர்கள் சொல்வது. ஒரு வருடம் நீர்போகம் என்னும் பாசனப் பருவத்து விளைச்சல் முழுவதையும் கொடுத்த பிறகும் கடன் பாக்கி நின்றதாம். அதைச் சொல்லும்போது மட்டும் தாத்தாவின் குரல் இறங்கிவிடும்.

அந்த நிலையை மாற்றியவர் உபதலை என்ற ஊரைச் சேர்ந்த ஆரி கவுடர். மலை ரயில் பாதைப் பணிகளில் ஒப்பந்தக்காரராக இருந்த பெள்ளி கவுடரின் மகன். நீலகிரி மலையில் வாழும் எங்கள் படுகர் சமூகத்தில் முதல் பட்டதாரி. பிரிட்டிஷ் ஆட்சிக் காலத்திலேயே சென்னை மாகாண சட்டசபைக்குச் சென்றவர். வசதியான வீட்டுப் பிள்ளை, அந்தப் பதவியோடு நிம்மதியாக இருந்திருக்கலாம். அவரோ 1935இல் நீலகிரி கூட்டுறவு விற்பனைச் சங்கத்தைத் தொடங்கினார். எங்கள் கிழங்கு நாலு பேர் பார்க்க ஏலத்துக்கு வந்தது. சட்டசபைக்குப் போனவர்கள் பலர் உண்டு. தாத்தாவின் கையில் கணக்கெழுதிய ஒரு சீட்டைக் கொண்டுவந்து சேர்த்தவரையே நான் தலைவர் என்பேன்.

பள்ளியில் எங்களுக்கு அவர் வேறு விதத்தில் அறிமுகமானார். 1933இல் ஹங்கேரியில் நடந்த உலகச் சாரணர் ஜம்போரி என்ற பெரும் முகாமுக்கு இந்தியக் குழுவை அழைத்துச் சென்றவர் அவர் என்று சாரண ஆசிரியர் சொன்னபோது, காக்கி உடுப்பில் நின்ற நாங்கள் வாய் பிளந்தோம். நம் மலையிலிருந்து ஒருவர் அவ்வளவு தூரம் போனாரா! இன்று கடல் கடந்து வாழும் நம்மில் எத்தனை பேருக்கு அந்தக் கதை முதல் உந்துதலாக இருந்ததோ.

அவரை நான் நேரில் பார்த்ததில்லை. 1971இல் அவர் காலமானபோது எனக்கு எட்டு வயது. அன்று தாத்தா காட்டுக்குப் போகவில்லை. கம்பளியைப் போர்த்திக்கொண்டு முற்றத்திலேயே உட்கார்ந்திருந்தார். யாரும் அவரைச் சாப்பிடக் கூப்பிடவில்லை.

பின்னாளில் கிழங்குச் செடியின் வேரில் நூற்புழு விழுந்தது. மகசூல் குறைந்துகொண்டே போக, பக்கத்துத் தோட்டங்களைப் போலவே எங்கள் சரிவும் தேயிலையானது. உரலில் விழுந்தால் உலக்கைக்குத் தப்ப முடியுமா? பசுந்தேயிலை விலையும் பிறகு எங்களைப் படுத்தியது, அது தனிக்கதை.

தாத்தா இறந்த பின் விளக்கு மாடத்தில் நாலாக மடித்த சீட்டுகள் ஒரு கட்டாக இருந்தன. ஒன்றை மட்டும் எடுத்து வந்திருக்கிறேன். அதன் பின்பக்கத்தில் பென்சிலில் என் கையெழுத்து: ஒன்பதாம் வகுப்புக் கட்டணம், நோட்டு, ஒரு ஸ்வெட்டர். அந்த வாரக் கிழங்குப் பணத்தில் எதை எதை வாங்கலாம் என்று தாத்தா சொல்லச் சொல்ல நான் எழுதியது.