ஹெர்குலஸின் மூன்று சிலிண்டர்கள்

ஹெர்குலஸ் இழுவைக் கப்பலின் எஞ்சின் அறைப் படம் ஒன்று இன்று கண்ணில் பட்டது. மூன்று சிலிண்டர்கள், ஒன்றைவிட ஒன்று பெரிதாக.

ஒரே நீராவிதான் மூன்றிலும் வேலை செய்கிறது. ஒவ்வொன்றாகத் தாண்டும்போது அழுத்தம் குறையும், கன அளவு கூடும். கடைசி சிலிண்டருக்கு அத்தனை பெரிய வயிறு அதனால்தான்.

ஓட்டுவதற்கு முன் வடிகால் திருகுகளைத் திறந்துவிட்டு மெல்லச் சூடேற்ற வேண்டும். நீராவி குளிர்ந்து உள்ளே தண்ணீராய்த் தேங்கினால் பிஸ்டனால் அதை அமுக்க முடியாது. சிலிண்டர் மூடியே உடைந்துவிடும்.

கப்பல் 1907இல் அமெரிக்காவின் கிழக்கே, நியூ ஜெர்சியின் கேம்டனில் கட்டியது. பனாமா கால்வாய் அப்போது இல்லை. சகோதரக் கப்பல் கோலையாவை இழுத்துக்கொண்டு, தென் அமெரிக்காவின் தென்கோடியிலுள்ள மெகல்லன் நீரிணை வழியாக, மேற்குக் கரையின் சான் பிரான்சிஸ்கோ வந்தது.

வழிக்கு வேண்டிய எண்ணெயும் தண்ணீரும் கோலையாவுக்குள்!

கட்டுச்சோற்று மூட்டையைத் தானே இழுத்து வந்த கப்பல்.

இன்று அந்நகரின் கடல்சார் தேசிய வரலாற்றுப் பூங்காவின் சொத்து. எஞ்சினோடு காப்பாற்றினார்களே, அதுதான் பெரிது.