ஐயாயிரம் பேர் என்றால் எத்தனை மாடு?

பழைய போர்க் கதைகளில் படைத்தொகையை எப்படிச் சோதிப்பது? ஒட்டுசுட்டானுக்குக் கிட்ட கற்சிலைமடுவில் நாட்டிய நினைவுக்கல், 1803 ஒக்டோபர் 31இல் ஆங்கிலேயப் படையின் கப்டன் வொன் டிரிபேர்க் வன்னித் தலைவன் பண்டாரவன்னியனைத் தோற்கடித்தார் என்கிறது. படை எவ்வளவு என்று அதில் இல்லை. நல்லது, எண் இல்லாததால் எண்ணில் பொய்யும் இல்லை.

முற்றுகைக் கணக்கில் ஐயாயிரம் பேர் என்பதுபோல் உருண்டையான எண்ணைக் கண்டால் முதலில் அரிசியைக் கேளுங்கள். ஆளுக்கு நாளுக்கு 750 கிராம் என்று வைத்தால் 5000 பேருக்கு 3750 கிலோ. பொதிமாடு ஒன்று 75 கிலோ சுமக்கும் என்று கொண்டால் தினமும் 50 மாடு வந்து இறங்கவேண்டும். நெல் கிடைக்கும் ஊர் போக மூன்று நாள், வர மூன்று நாள் என்றால் 300 மாடு ஓயாமல் நடக்கவேண்டும். அந்த மாட்டுக்கும் புல்லும் தண்ணீரும் வேணுமே! வன்னியில் ஓகஸ்டில் குளம் வற்றிக் கிடக்கும்.

சம்பளப் பட்டியலையும் அப்படியே நம்பக்கூடாது. செத்தவன் பேரில் காசு எடுத்த தளபதிகள் ஐரோப்பாவிலேயே மலிந்திருந்தார்கள்; பட்டியலில் 100 என்றால் களத்தில் நின்றவன் குறைவு. எதிரியின் தொகையோ மறுபக்கம் ஊதும்: தோற்றவனுக்கு அது சாட்டு, வென்றவனுக்குப் பெருமை. சுமைகாரரையும் லஸ்கரின்களையும் (ஐரோப்பியருக்குக் கீழ் இருந்த உள்ளூர்ப் படையாட்கள்) ஒருவர் சேர்த்து எண்ணுவார், மற்றவர் விடுவார். படைத்தொகை பற்றிய பாதிச் சண்டை அதில்தான்.