எந்தக் கோணலை நிமிர்த்துவது

"இன்னும் கோணலாத்தானே இருக்கு டாக்டர்? இப்படியே கட்டுப் போட்டா அப்படியே ஒட்டிக்காதா?"

ஆறு வயதுப் பையனின் அம்மா கேட்டது. ஊஞ்சலிலிருந்து விழுந்தவனுக்கு மணிக்கட்டுக்குச் சற்று மேலே எலும்பு மடங்கியிருந்தது. பக்கவாட்டுப் படத்தில் அளந்து பார்த்தேன். 18 டிகிரி. இழுத்து நிமிர்த்தப் போவதில்லை, மயக்க மருந்தும் வேண்டாம், மாவுக்கட்டு மட்டும் போதும் என்றதும் அவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே. சோம்பேறி டாக்டரிடம் மாட்டிக்கொண்டோம் என்று நினைத்திருப்பார். எலும்பு மருத்துவத்துக்கு வந்த முதல் வருடத்தில் நானும் அப்படித்தான் நினைத்திருப்பேன். அப்போதெல்லாம் எக்ஸ்ரேயில் எது வளைந்திருந்தாலும் எனக்குக் கை பரபரக்கும்.

இன்றைக்கு அந்த 18-ஐப் பார்த்ததும் முதலில் வருவது சந்தேகம்தான். அது உண்மையிலேயே 18தானா?

லேசாக வளைத்த ஒரு கம்பியை விளக்குக்கு முன்னால் பிடித்துச் சுவரில் விழும் நிழலைப் பாருங்கள். ஒரு பக்கம் திருப்பினால் நிழல் நன்றாக வளைந்திருக்கும். இன்னொரு பக்கம் திருப்பினால் குச்சி போல நேராகிவிடும். எக்ஸ்ரேயும் நிழல்தான். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒருவரின் முழங்காலுக்குக் கீழே உள்ள எலும்பை முன்பக்கப் படத்தில் மட்டும் பார்த்துவிட்டு, "சின்ன விரிசல்தான், ஒன்றும் பயமில்லை" என்று சொல்ல வாயெடுத்தேன். எக்ஸ்ரே அறையில் இருந்த மூத்த டெக்னீஷியன் ஒன்றும் பேசாமல் பக்கவாட்டுப் படத்தை என் கையில் வைத்துவிட்டுப் போனார். 20 டிகிரிக்கு மேல் வளைந்திருந்தது. எடுத்த வாயை மூடிக்கொண்டேன்.

எலும்பு நேர் முன்னாலோ நேர் பக்கத்திலோ மடங்காமல் இரண்டுக்கும் நடுவில் சாய்ந்திருந்தால், உண்மைக் கோணம் இரண்டு படங்களில் தெரிவதையும்விடப் பெரிதாக இருக்கும். முன்படத்தில் 20, பக்கப்படத்தில் 15 என்றால் நிஜத்தில் ஏறக்குறைய 24. எடுக்கும் விதத்திலும் ஒரு கண்ணி இருக்கிறது. வலியில் இருக்கும் குழந்தையின் மணிக்கட்டை மட்டும் திருப்பி இரண்டாவது படம் எடுத்தால், மணிக்கட்டுக்கு இரண்டு கோணம் கிடைத்திருக்கும். முழங்கை மட்டும் பழைய கோணத்திலேயே இருக்கும். கையை முழுசாகத் திருப்ப வேண்டும், முடியாவிட்டால் எக்ஸ்ரே குழாயைத் திருப்ப வேண்டும்.

முழங்கை என்றதும் எனக்கு ஒரு இரவு நினைவுக்கு வரும். ஏழெட்டு வயதுப் பிள்ளை. முன்கையின் இரண்டு எலும்புகளில் சுண்டுவிரல் பக்கத்து எலும்பு மட்டும் நடுவில் லேசாக வளைந்திருந்தது, மற்றது நன்றாக இருந்தது. படம் மணிக்கட்டிலிருந்து முன்கையின் முக்கால்வாசி வரைக்கும்தான் இருந்தது. "இவ்வளவுதானே" என்று ஒரு மாவுக்கட்டைப் போட்டு, நிம்மதியாகத் தூங்கப் போய்விட்டேன். காலையில் வார்டு ரவுண்டில் சீஃப் படத்தை வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தார்.

"முழங்கை எங்கேப்பா?"

"சார், முறிவு இங்கேதான் சார் இருக்கு."

"முறிவு இருக்கிற இடம் எனக்கும் தெரியுது. முழங்கை எங்கே?"

மறுபடி எடுத்தோம். கட்டைவிரல் பக்கத்து எலும்பின் தலை முழங்கை மூட்டிலிருந்து முன்னால் கழன்று கிடந்தது. முன்கையின் இரண்டு எலும்புகளும் மேலும் கீழும் கட்டிப்போட்ட ஜோடி. ஒன்று வளைந்து குட்டையானால் மற்றது எங்காவது விட்டுக்கொடுத்தாக வேண்டும், ஒன்று அதுவும் உடையும், இல்லை மூட்டிலிருந்து நழுவும். நல்லவேளை, ஓர் இரவுதான் கடந்திருந்தது. மயக்க மருந்து கொடுத்து வளைந்த எலும்பை நிமிர்த்தியதும் அந்தத் தலை தானாகவே உள்ளே போய் உட்கார்ந்தது. சில வாரம் விட்டிருந்தால் அறுத்துத்தான் உட்காரவைத்திருக்க வேண்டும். அந்தக் கோணம் சிறியதுதான். ஆனால் அது முழங்கையைப் பார் என்று கைகாட்டிக்கொண்டிருந்தது. நான்தான் பார்க்கவில்லை.

இந்த ஜோடிக் காயத்தை இத்தாலிய மருத்துவர் மாண்டேஜியா 1814-லேயே எழுதிவைத்துவிட்டார். அதே 1814-ல் அயர்லாந்தில் ஆபிரகாம் காலிஸ், கவிழ்த்து வைத்த முள்கரண்டி போல மணிக்கட்டு வளையும் முறிவை விவரித்தார். ராண்ட்ஜன் எக்ஸ்ரேயைக் கண்டுபிடித்தது 1895-ல். படமே இல்லாத காலத்தில் தடவிப் பார்த்தும் உற்றுப் பார்த்தும் அவர்கள் கண்டதை, படத்தைக் கையில் வைத்துக்கொண்டு நான் கோட்டைவிட்டேன். அன்றிலிருந்து முறிவுக்கு மேல் மூட்டும் கீழ் மூட்டும் இல்லாத படத்தை நான் வாங்குவதில்லை. டெக்னீஷியன்கள் முணுமுணுப்பார்கள், சரி, முணுமுணுக்கட்டும்.

எந்தப் பக்கம் வளைந்திருக்கிறது என்று சொல்வதிலும் கூத்து நடக்கும். "புறங்கைப் பக்கம் 25 டிகிரி" என்று நள்ளிரவில் போனில் சொன்னால், மடங்கிய முனை புறங்கைப் பக்கம் துருத்துகிறதா, அல்லது விரல் பக்கத்துத் துண்டு புறங்கைப் பக்கம் சாய்ந்திருக்கிறதா? இரண்டும் நேர் எதிர். ஒருமுறை போனில் கேட்டதை நம்பித் தயாராகிப் போய் நின்றால், கை எதிர்ப்பக்கமாக வளைந்திருந்தது. இப்போது நான் முனை எந்தப் பக்கம் என்றே சொல்வேன், கேட்பேன்.

நிமிர்த்துவது பார்க்கிறவர்களுக்கு முரட்டு வேலை. உண்மையில் பாதிக்கு மேல் பொறுமை. முதலில் நாடித்துடிப்பு, விரல்களின் நிறம், சூடு. அப்புறம் நரம்பு. பிள்ளைகளிடம் கல், காகிதம், கத்தரிக்கோல் விளையாடுவேன், கடைசியில் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் வட்டமாகச் சேர்க்கச் சொல்வேன். நான்கும் செய்துவிட்டால் முன்கையின் மூன்று பெரிய நரம்புகளும் வேலை செய்கின்றன என்று பொருள். இதைக் கட்டுக்கு முன்னாலேயே பார்த்து எழுதிவைக்க வேண்டும். கட்டுப் போட்டபின் விரல் அசையவில்லை என்றால், விழுந்தபோது வந்ததா, நாம் இழுத்தபோது வந்ததா என்று யாராலும் சொல்ல முடியாது.

பச்சைக் குச்சியை ஒடித்தால் ஒரு பக்கம் பிளந்து மறுபக்கம் தோலோடு தொங்கும். பிள்ளைகளின் எலும்பும் பல நேரம் அப்படித்தான் முறிகிறது. மேலே போர்த்தியிருக்கும் தடித்த உறை ஒரு பக்கம் கிழியாமல் கீல் போல நிற்கும். அந்தக் கீல்தான் நமக்குத் துணை. துண்டுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறியிருந்தால் வெறுமனே இழுத்துப் பயனில்லை. வளைந்த பக்கமே இன்னும் கொஞ்சம் வளைத்து, முனையோடு முனை சேர்த்து, அப்புறம் நிமிர்த்த வேண்டும். முதல்முறை செய்யும்போது எனக்கே வயிற்றைக் கலக்கியது.

என் இரண்டாவது பெரிய பாடம் மாவுக்கட்டில்தான். பதின்மூன்று வயதுப் பெண், முன்கையின் நடுவில் முறிவு. அழகாக நிமிர்த்தி, வலிக்கக் கூடாதே என்று பஞ்சைத் தாராளமாகச் சுற்றி, உருண்டையாக, வழவழவென்று மாவுக்கட்டுப் போட்டேன். எல்லோரும் பாராட்டினார்கள். பத்தாம் நாள் படத்தில் 6 டிகிரி 17 ஆகியிருந்தது. வீக்கம் வடிந்ததும் உருண்டைக் கட்டுக்குள் கை தளர்ந்துவிட்டது, தசை இழுத்த இழுப்புக்கு எலும்பு போய்விட்டது. கட்டு அழகாக இருக்கக் கூடாது. முன்கை தட்டையானது, கட்டும் தட்டையாக இருக்க வேண்டும். மூன்று இடத்தில் அழுத்தி, எலும்பு மறுபடி சாய நினைக்கும் திசைக்கு எதிராக வளைத்துவிட வேண்டும். பக்கப்படத்தில் கட்டின் உள்அகலத்தை முன்படத்தின் உள்அகலத்தால் வகுத்தால் 0.8-க்குள் வர வேண்டும் என்று ஒரு கணக்கு இருக்கிறது. என்னுடைய உருண்டைக்கு ஏறக்குறைய 1 வந்திருக்கும். அந்தப் பெண்ணுக்கு உள்ளே கம்பி செருக வேண்டியதாயிற்று. அவள் கோபப்படவில்லை. "முதல்லயே இதைப் பண்ணியிருக்கலாமே" என்றாள், அவ்வளவுதான்.

17 டிகிரியை அவளுக்கு ஏன் விட்டுவைக்கவில்லை, இந்தப் பையனுக்கு 18-ஐ ஏன் விட்டேன்? அவன் அம்மாவுக்கு இதைத்தான் விளக்க வேண்டியிருந்தது. அவனுக்கு வயது ஆறு. முறிவு இருக்கும் இடம் மணிக்கட்டுப் பக்கத்து வளர்ச்சித் தட்டை, அதாவது எலும்பு நீண்டு வளரும் குருத்தெலும்புப் பகுதியை, ஒட்டி. கட்டைவிரல் பக்கத்து எலும்பின் நீளத்தில் சுமார் முக்கால் பங்கு அந்தத் தட்டிலிருந்துதான் வளர்கிறது. வளைவும் மணிக்கட்டு மடங்கி நிமிரும் அதே திசையில். குழிந்த பக்கம் புது எலும்பு படியும், புடைத்த பக்கம் தேயும், தட்டும் தன்னைத் திருத்திக்கொண்டே வளரும். அந்தப் பெண்ணுக்கு வளர்ச்சி முடியப் போகிற வயது, முறிவோ தட்டிலிருந்து தள்ளி நடு எலும்பில். அங்கே வளைவு நின்றுவிட்டால் உள்ளங்கையை மேலே திருப்பி ஒரு பொருளை வாங்குவதே சிரமமாகிவிடும். எலும்பு முறுக்கிக்கொண்டு கூடினால் எந்த வயதிலும் வளர்ச்சியை நம்பிவிட முடியாது.

பெரியவர்களில் இதுவே இன்னும் விநோதம். மேல்கை எலும்பு முன்பின்னாக 20 டிகிரி, பக்கவாட்டில் 30 டிகிரி வரை சாய்ந்து கூடினாலும் பெரும்பாலும் காரியம் நடக்கும், தோள் எல்லாப் பக்கமும் சுழன்று ஈடுகட்டிவிடும். கெண்டைக்காலில் பக்கவாட்டில் 5 டிகிரியைத் தாண்டினாலே யோசிக்க வேண்டும், உடம்பின் பாரம் ஒவ்வொரு அடியிலும் முழங்காலின் ஒரு பக்கமாக இறங்கும்.

இவ்வளவையும் நான் அந்த அம்மாவிடம் சொல்லவில்லை. "வளர வளர நேராயிடும்மா. இழுத்தா அவனுக்கு வலியும் மயக்க மருந்தும்தான் மிச்சம்" என்றேன். ஒரு வாரத்தில் படம், இரண்டாம் வாரத்தில் இன்னொரு படம், சாய்வு கூடினால் அப்போது யோசிப்போம் என்றேன். ஒன்றை மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னேன்: வலி குறையாமல் ஏறிக்கொண்டே போனாலோ, விரலை லேசாக நீட்டிவிட்டாலே அலறினாலோ நடுராத்திரியானாலும் கிளம்பி வந்துவிடுங்கள், விரல் சிவப்பாகத்தானே இருக்கிறது என்று காத்திருக்காதீர்கள். உள்ளே வீக்கம் இறுகித் தசையை நெரிக்கும்போதும் நாடி துடித்துக்கொண்டேதான் இருக்கும்.

இரண்டு வருடம் கழித்து அதே பையன் முழங்கையில் அடிபட்டு வந்தான். பிள்ளைகளின் முழங்கையில் எது விரிசல், எது வளர்ச்சித் தட்டு என்று குழம்பும், அதனால் நன்றாக இருக்கும் கையையும் ஒப்பிட எடுத்தோம், மணிக்கட்டு முதல் முழங்கை வரை. நல்லவேளை முறிவு இல்லை. கிளம்பும்போது, முன்னால் உடைந்த எலும்பு இப்போது எப்படி இருக்கிறது என்று அம்மா கேட்டார். இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன்.

"எந்தக் கைம்மா அப்போ?"

அவர் பையனைப் பார்த்தார். பையன் இரண்டு கைகளையும் நீட்டிப் பார்த்துக்கொண்டான். கடைசியில் பழைய சீட்டை எடுத்துத்தான் இடது கை என்று தெரிந்துகொண்டோம்.