அக்காவின் சாரிசார்ட் எத்தனை கேம் பாய் தாண்டும்?

பொங்கலுக்கு வெள்ளையடிக்கப் பரணை ஒழித்தபோது ஒரு பிஸ்கட் டப்பா கிடைத்தது. உள்ளே நின்டெண்டோவின் கையடக்க வீடியோ கேம் கருவியான ஊதா நிற கேம் பாய் கலர் ஒன்று, அதில் செருகி ஆடும் போக்கிமான் ரெட், போக்கிமான் சில்வர் என்று இரண்டு கேம் கேட்ரிட்ஜ்கள். அப்பா சிங்கப்பூரில் வேலை பார்த்தபோது 2001-இல் வாங்கி வந்தவை. ரெட் அக்காவுக்கு, சில்வர் எனக்கு. கருவியிலிருந்து பென்சில் பேட்டரிகளைக் கழற்றி வைத்திருந்தார்கள். அக்காவின் வேலையாகத்தான் இருக்கும், நான் அவ்வளவு பொறுப்பான பையன் இல்லை. அதனால்தான் உள்ளே அமிலம் கசிந்து துரு ஏறாமல் இருந்தது.

போக்கிமான் என்றால் கேமில் பிடித்து வளர்த்துச் சண்டைக்கு இறக்கும் உயிரினம். ரெட்டில் அக்கா சாரிசார்ட் என்ற போக்கிமானை வளர்த்தாள். எங்கள் தெரு நாயின் பெயரையே அதற்கும் வைத்தாள்: மணி. அந்த மணி இன்னும் உயிரோடு இருக்கிறதா, இருந்தால் எனக்குக் கிடைக்கும் அடுத்தடுத்த கருவிகளில் அதை எவ்வளவு தூரம் கொண்டு போக முடியும் என்று பார்க்க நினைத்தேன். மூன்று மாதம் ஆகிவிட்டது. இதுவரை நடந்ததை எழுதி வைக்கிறேன்.

முதல் ஞாயிறு. ரெட்டைச் செருகி ஆன் செய்தால் லோகோ வர வேண்டிய இடத்தில் ஒரு கறுப்புக் கட்டை. இதற்குக் காரணம் உண்டு. கேட்ரிட்ஜுக்குள் 48 பைட் அளவில் நின்டெண்டோ லோகோ பதிந்திருக்கிறது. கருவி அதைப் படித்துத் திரையில் காட்டிவிட்டு, தன்னிடம் உள்ள லோகோவோடு ஒப்பிடும். பொருந்தாவிட்டால் அதற்கு மேல் நகராது. கறுப்புக் கட்டை வந்தால் கேட்ரிட்ஜிலிருந்து எதையும் படிக்க முடியவில்லை என்று அர்த்தம், பெரும்பாலும் முனைகளில் அழுக்கு. சின்ன வயதில் நாங்கள் ஊதி ஊதிச் செருகுவோம். எச்சில் ஈரம் பட்டு முனைகள் இன்னும் கெடும், அதைச் செய்யாதீர்கள். ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் காது குடையும் பஞ்சை நனைத்துத் தேய்த்தேன். முதல் பஞ்சு கறுப்பாக வந்தது, இரண்டாவது பழுப்பாக, நான்காவதுதான் வெள்ளையாகவே வந்தது. காயவிட்டுச் செருகியதும் 'டிங்' என்ற அந்தச் சத்தம் கேட்டது. அப்படியே சேரில் உட்கார்ந்துவிட்டேன்.

ரெட் கறுப்பு வெள்ளைக் காலத்து கேம். ஆனால் கேம் பாய் கலரில் போட்டால் திரை சிவப்புச் சாயலில் வரும். கருவி தானாகக் கொடுக்கும் நிறம் அது. 1998-இல் கேம் பாய் கலர் வந்தபோது, பழைய கேம்களின் பெயரை வைத்து எதற்கு என்ன நிறம் என்று ஒரு அட்டவணையையே உள்ளே எழுதி வைத்தார்கள். பட்டியலில் இருந்தாலும் இல்லாவிட்டாலும், லோகோ வரும்போதே திசைப் பட்டனோடு ஏ அல்லது பி பட்டனை அழுத்தி 12 நிறத் தொகுப்புகளில் ஒன்றை எடுத்துக்கொள்ளலாம். இடது பட்டனும் பியும் சேர்ந்தால் பழையபடி சாம்பல் நிறம். ஒன்பது வருடம் பழைய கருவிக்கு எழுதிய கேமுக்கு இவ்வளவு மெனக்கெட்டிருக்கிறார்கள்.

மணி இருந்தது! அக்காவின் பெயர், கேமில் ஜெயித்து வாங்கிய 8 பேட்ஜ், 71-ஆம் லெவல் சாரிசார்ட். போட்டோ எடுத்து அனுப்பினேன். "டேய், அதைத் தொடாதே, நான் வரேன்" என்று பதில் வந்தது. தொடாமல் இருக்க முடியவில்லை, ஆனால் முதல் காரியமாக அதைக் காப்பாற்றி வைக்கத்தான் தொட்டேன்.

இந்த கேட்ரிட்ஜ்களில் சேவ் செய்தது ஒரு சாதாரண ரேம் சில்லில்தான் இருக்கிறது. உள்ளே பற்றவைத்திருக்கும் காசு பேட்டரி அதற்கு மின்சாரம் கொடுத்துக்கொண்டே இருக்கிறது. பேட்டரி செத்தால் சேவ் போச்சு. என் சில்வருக்கு அதுதான் நடந்திருந்தது, 'நியூ கேம்' மட்டும்தான் வந்தது. ரெட்டைவிடப் புதிய கேட்ரிட்ஜ் ஏன் முதலில் போனது? சில்வரில் பகல், இரவு, கிழமை எல்லாம் உண்டு. அதற்கான கடிகாரமும் அதே பேட்டரியில்தான் ஓடுகிறது. டப்பாவில் கிடந்த காலமெல்லாம் அது ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. கேட்ரிட்ஜைத் திறந்து மல்டிமீட்டர் வைத்தேன் (சாதாரண ஸ்குரூடிரைவர் ஆகாது, 3.8 மில்லிமீட்டர் கேம்பிட் வேண்டும்). சில்வரில் 0.4 வோல்ட். ரெட்டில் 2.7. மூன்று வோல்ட் பேட்டரி இத்தனை வருடம் கழித்து 2.7-இல் நிற்கிறது என்றால் அது பெரிய விஷயம், ஆனால் இனி நம்பி விட முடியாது.

யுஎஸ்பியில் மாட்டும் கேட்ரிட்ஜ் ரீடர் ஒன்றை வாங்கி, ரெட்டின் சேவை கம்ப்யூட்டரில் நகல் எடுத்தேன். வெறும் 32 கிலோபைட். மணி, அக்காவின் பெயர், அந்தக் கோடை விடுமுறை முழுவதும் அதற்குள் அடங்கிவிட்டது. நகலை இரண்டு இடங்களில் வைத்த பிறகுதான் சோல்டரிங் அயர்னைச் சூடாக்கினேன். பேட்டரியை எடுத்த நொடியில் ரேம் காலியாகிவிடும். புதியதை வைத்த பிறகு நகலைத் திரும்ப எழுத வேண்டும். என் ரெட்டில் இருந்த பேட்டரி சிஆர்1616 வகை, சில்வரில் சிஆர்2025. இரண்டையும் பற்றவைக்க உலோகப் பட்டை வைத்ததாகவே பார்த்து வாங்குங்கள். வெறும் பேட்டரியின் மேல் நேராக ஈயம் வைத்தால் சூட்டில் பேட்டரியே கெட்டுவிடும், வெடிக்கவும் கூடும். பழைய பட்டையை அயர்ன் முனையால் தொட்டு மெல்ல நெம்பியபோது, போர்டின் தாமிரம் பெயர்ந்து வந்துவிடுமோ என்று கை நடுங்கியது. பெயரவில்லை. புதியதை வைத்து, நேர் முனை எதிர் முனை பார்த்து, அளந்தேன்: 3.2. நகலைத் திரும்ப எழுதிச் செருகினால் மணி அதே இடத்தில் நின்றது.

அப்புறம், அடுத்த தலைமுறைக் கருவியான கேம் பாய் அட்வான்ஸ் எஸ்பி. பழையது ஒன்றை, போக்கிமான் ரூபி கேட்ரிட்ஜோடும் இரண்டு கருவிகளை இணைக்கும் கேபிளோடும் சேர்த்து வாங்கினேன். ரூபி நன்றாக ஓடியது. சில்வரைச் செருகினால் கேம் பாய் லோகோவோடு அப்படியே நின்றுவிட்டது. கேட்ரிட்ஜின் மேல்தான் முதலில் சந்தேகம், ஆனால் அது கேம் பாய் கலரில் ஒழுங்காக ஓடுகிறது.

இங்கேதான் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் வருகிறது. அட்வான்ஸுக்குள் இரண்டு மூளை இருக்கிறது. ஒன்று 16.78 மெகாஹெர்ட்ஸில் ஓடும் 32 பிட் ஆர்ம் பிராசசர். இன்னொன்று பழைய கேம் பாயின் அதே 8 பிட் பிராசசர். பழைய கேமைப் புதிய சில் பாவனை செய்து காட்டுவதில்லை, பழைய சில்லே உட்கார்ந்து ஓட்டுகிறது. எதை எழுப்புவது என்று கருவிக்கு எப்படித் தெரியும்? கேட்ரிட்ஜ் செருகும் பள்ளத்துக்குள் நெல்மணி அளவுக்கு ஒரு சுவிட்ச். பழைய கேட்ரிட்ஜின் உடம்பு அதை அழுத்தும். அட்வான்ஸ் கேட்ரிட்ஜில் அந்த இடம் வெட்டி விடப்பட்டிருப்பதால் அழுத்தாது. அழுத்தினால் 8 பிட் சில்லும், கேட்ரிட்ஜுக்கு 5 வோல்ட்டும். அழுத்தாவிட்டால் 32 பிட் சில்லும், 3.3 வோல்ட்டும். புதிய கேட்ரிட்ஜ்களுக்கு 5 வோல்ட் அதிகம், பழையவற்றுக்கு 3.3 போதாது. இரண்டு தலைமுறைக்கும் நடுவே அந்தச் சின்ன சுவிட்ச்தான் காவல்.

டார்ச் அடித்துப் பார்த்தேன். சுவிட்ச் சரியாக அழுந்தாமல் பசை பிடித்தது போல் இருந்தது. ஆல்கஹால் ஒரு சொட்டு விட்டு, பல்குத்தும் குச்சியால் முப்பது நாற்பது முறை அழுத்தி விட்டேன். அடுத்த முறை சில்வர் எழுந்தது. உங்கள் அட்வான்ஸில் புதிய கேம் மட்டும் ஓடி, பழையது எல்லாம் மக்கர் செய்தால் முதலில் இந்த சுவிட்சைப் பாருங்கள்.

எஸ்பியின் திரை 240க்கு 160 புள்ளி, பழைய கேம் 160க்கு 144. அதனால் சுற்றிலும் கறுப்பு விளிம்போடு நடுவில் வரும். எல், ஆர் பட்டன்களால் அகலத்தை மட்டும் 240க்கு இழுக்கலாம், மணியை அப்படிப் பார்த்தால் தொப்பை வைத்தது போல் இருக்கும். நான் விளிம்போடுதான் ஆடுகிறேன்.

சில்வரை முதலிலிருந்து ஆட வேண்டியதாயிற்று. ரெட்டிலிருந்து சில்வருக்கு அனுப்ப 'டைம் கேப்சூல்' என்ற அறை வேண்டும். எக்ரூட்டீக் ஊரில் பில் என்ற ஆளைச் சந்தித்துப் பேச வேண்டும், அதற்கு மறுநாள்தான் அந்த அறை திறக்கும். மறுநாள் என்றால் கேட்ரிட்ஜின் கடிகாரப்படி மறுநாள். புதிய பேட்டரி போட்டது இதற்கும் உதவியது. ஆபீஸ் முடிந்து வந்து அரை மணி, முக்கால் மணி என்று ஆடி ஐந்து வாரத்தில் அங்கே போய்ச் சேர்ந்தேன்.

அந்த ராத்திரி கேபிளை மாட்டினால், எதிர் முனையில் யாரும் இல்லை என்றே இரண்டு கருவியும் சொன்னது. ஒரு மணி நேரம் போனது. எஸ்பியோடு வந்த கேபிள் அட்வான்ஸ் கேம்களுக்கானது. அட்வான்ஸிலேயே ஆடினாலும், பழைய கேம் என்றால் கேம் பாய் கலரின் கேபிள்தான் வேலை செய்யும். அதைத் தேடி வாங்க இன்னும் பத்து நாள்.

சரியான கேபிளோடு மறுபடியும் உட்கார்ந்தேன். மணிக்குப் பதிலாக என் ஜியோட்யூட் என்ற போக்கிமானைக் கொடுக்கப் போனால் முடியாது என்றது. அதற்கு மேக்னிட்யூட் என்ற தாக்குதல் தெரியும். சில்வரில் புதிதாக வந்த தாக்குதல் அது, ரெட்டுக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரியாது. பழைய கேமுக்குப் புரியாத எதையும் உள்ளே விடாமல், புதிய கேம் வாசலிலேயே நிறுத்துகிறது. பழைய தாக்குதல்கள் மட்டும் தெரிந்த ஒரு ரட்டாட்டாவைக் கொடுத்தேன். திரையில் குழாய் வழியே உருண்டை நகர்ந்தது. மணி சில்வருக்கு வந்துவிட்டது.

வந்ததும் கையில் ஒரு பிட்டர் பெர்ரி வைத்திருந்தது. ரெட்டில் போக்கிமான் கையில் பொருள் வைத்துக்கொள்ளும் வசதியே கிடையாது, பின்னே இது எங்கிருந்து? ரெட்டில் ஒவ்வொரு போக்கிமானின் தகவலிலும் அதைப் பிடிப்பது எவ்வளவு எளிது என்று ஒரு எண் இருக்கும். சாரிசார்டுக்கு 45. சில்வர் அதே இடத்தில்தான் கையிலுள்ள பொருளின் எண்ணை வைக்கிறது. 45 என்ற எண்ணில் சில்வரில் உருப்படியான பொருள் எதுவும் இல்லை. அப்படிப்பட்ட எண்களுக்கு என்று ஒரு சின்னப் பட்டியல் வைத்து, 45 வந்தால் பிட்டர் பெர்ரி கொடு என்று எழுதியிருக்கிறார்கள். ஊரிலிருந்து வருகிறவர் கையில் பழத்தோடு வருவது போல மணி வந்து நின்றது. இதைச் சொல்லித்தான் அக்காவிடம் திட்டு வாங்காமல் தப்பித்தேன்.

மணி என் பேச்சைக் கேட்கவில்லை என்பது வேறு கதை. என்னிடம் இருந்தது 3 பேட்ஜ். வேறு ஒருவர் வளர்த்த 71-ஆம் லெவல் போக்கிமான் 3 பேட்ஜ்காரனுக்குக் கட்டுப்படாது. சண்டையில் இறக்கினால் தூங்கிவிடுகிறது. அக்கா இதைக் கேட்டு ரொம்பச் சந்தோஷப்பட்டாள்.

இதற்கு மேல்தான் சுவர். அதே எஸ்பியில் ரூபியும் ஓடுகிறது, சில்வரும் ஓடுகிறது. ஆனால் சில்வரிலிருந்து ரூபிக்கு மணியை அனுப்ப வழியே வைக்கவில்லை. ரெட்டில் ஒரு போக்கிமானுக்கு 44 பைட், சில்வரில் 48, ரூபியில் 100. பைட் கூடியது மட்டும் பிரச்சினை இல்லை, பிறவி பலத்தைக் கணக்கிடும் முறையையே மாற்றி, குணம், திறன் என்று புதியவற்றைச் சேர்த்துவிட்டார்கள். கேட்ரிட்ஜுக்காக ஒரு பழைய சில்லையே உள்ளே வைத்தவர்கள், அதற்குள் இருக்கும் மணிக்கு ஒரு கதவு வைக்கவில்லை. எனக்கு இது உண்மையிலேயே வருத்தம்தான். சிறப்பு பலம் என்ற ஒரே எண்ணை, தாக்குவதற்கு ஒன்று, தாங்குவதற்கு ஒன்று என்று சில்வர் இரண்டாகப் பிரித்தபோது அதற்கு வழி கண்டுபிடித்தார்களே.

அடுத்த கருவியில் பழைய கேட்ரிட்ஜே போகாது. நின்டெண்டோ டிஎஸ் லைட்டின் கீழ்ப்பக்கப் பள்ளத்தில் ரூபி போகும், கொஞ்சம் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும். ரெட், சில்வர் நுழையாது, 8 பிட் சில்லும் உள்ளே இல்லை. ரூபியின் போக்கிமான்கள் மட்டும் இங்கிருந்து டிஎஸ்ஸின் போக்கிமான் பேர்லுக்குப் போகலாம், ஒரு நாளைக்கு ஆறு, ஒரு வழிப் பாதை. செய்து பார்த்தேன், சிக்கல் இல்லை. 3டிஎஸ்ஸில் அந்தப் பள்ளமே கிடையாது. பேர்லை அதில் போட்டால் ஓடும், ஆனால் 192 வரியை 240க்கு இழுப்பதால் எழுத்தெல்லாம் மங்கலாகத் தெரியும். ஸ்டார்ட் அல்லது செலக்டை அழுத்திக்கொண்டே தொடங்கினால் அசல் அளவில், சின்னதாக, கூர்மையாக வரும்.

2016-இல் ரெட்டை 3டிஎஸ்ஸுக்கு டவுன்லோடாகத் திரும்பக் கொண்டுவந்தார்கள். அதில் ஆடியவர்களின் சாரிசார்டுகள் புதிய கேம்களுக்குப் போகவும் வழி வந்தது. கேட்ரிட்ஜில் இருப்பவற்றுக்கு அந்த வழி இல்லை. டவுன்லோடு விற்ற நின்டெண்டோவின் அந்த ஆன்லைன் கடையும் 2023 மார்ச்சில் மூடியாயிற்று.

ஆக, மணி இப்போது சில்வரில், எஸ்பிக்குள் இருக்கிறது. நேற்று நான்காவது பேட்ஜ் எடுத்தேன், 50 லெவல் வரைதான் கட்டுப்படுமாம், மணி இன்னும் தூங்குகிறது. அக்கா அடுத்த மாதம் வருகிறாள். அவள் வருவதற்குள் ரட்டாட்டாவைத் திரும்ப வாங்கிக்கொண்டு மணியை ரெட்டுக்கே அனுப்பிவிட வேண்டும். அதுவரை சில்வரின் புதிய தாக்குதல் எதையும் அதற்குக் கற்றுக்கொடுக்கக் கூடாது, கொடுத்தால் திரும்பிப் போக முடியாது.