வெண்ணெய் வந்த வழி

"எனக்கு ஷார்டொனே ஆகாது. வெண்ணெயைக் கரைத்துக் குடிப்பது போல இருக்கும்" என்று அக்கா பல வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாள். ஷார்டொனே என்பது அதே பெயருள்ள திராட்சையில் செய்யும் வெள்ளை ஒயின். நான் மெய்ப்புத் திருத்துகிறவன். இப்படி ஒரேயடியாக அடித்துச் சொல்லும் வாக்கியத்தைப் பார்த்தால் கை சிவப்புப் பேனாவைத் தேடும். ஆனாலும் இதைத் திருத்த நான் துணிந்ததில்லை. உள்ளூர எனக்கும் அதே எண்ணம்தான்.

போன மாதம் மூன்று புட்டிகள் வாங்கி வந்தேன். மூன்றுமே ஷார்டொனே. ஒன்று பிரான்சின் ஷாப்ளி, ஒன்று அதே பர்கண்டிப் பகுதியின் மெர்சோ, மூன்றாவது கலிபோர்னியா. அத்தான் அவற்றை என் பழைய மெய்ப்புத் தாள்களில் சுற்றி, 1, 2, 3 என்று எண் எழுதி மேஜையில் வைத்தார். எது எது என்று அவருக்கு மட்டுமே தெரியும்.

முதல் சுற்று வீணாயிற்று. குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்த கையோடு ஊற்றியதால் மூன்றும் ஒன்று போலவே இருந்தன: சில்லென்ற எலுமிச்சை நீர். "இதற்கா இவ்வளவு ஆர்ப்பாட்டம்?" என்றாள் அக்கா. குளிர் மணத்தை அமுக்கிவிடும், புளிப்பைத் தூக்கிக் காட்டும். ஓக் மரப் பீப்பாயில் வளர்ந்த ஷார்டொனேவுக்கு 10 முதல் 13 டிகிரி வரை வேண்டும். பீப்பாய் பார்க்காததற்கு அதைவிடச் சற்றுக் குறைவு. கோப்பைகளை அப்படியே வைத்துவிட்டு அரை மணி நேரம் வேறு கதை பேசினோம். திரும்பி வந்தபோது மேஜையில் மூன்று வெவ்வேறு ஒயின்கள் இருந்தன.

முதல் கோப்பையில் பச்சை ஆப்பிள், எலுமிச்சைத் தோல், அடியில் லேசான உவர்ப்பு. பல் கூசியது, ஆனால் அடுத்த வாய்க்குக் கை தானாகப் போனது. இரண்டாவதை மூக்கருகே கொண்டுபோனபோது முதலில் வந்தது உரசி அணைத்த தீக்குச்சியின் வாசனை. பிறகு வறுத்த ஹேசல் கொட்டை, வாட்டிய ரொட்டி, கடைசியாக வெண்ணெய். நாக்கில் எண்ணெய் போலப் படிந்தது. மூன்றாவதில் பீச்சும் அன்னாசியும். பழம் பழமாக, ஒளிவுமறைவு இல்லாமல்.

"இரண்டுதான் கலிபோர்னியா. அங்கிருந்து வருகிற அந்த வெண்ணெய் எனக்குத் தெரியாதா?" என்றாள் அக்கா. எனக்கும் சந்தேகமில்லை. தாளில் எழுதினேன்: 1 ஷாப்ளி, 2 கலிபோர்னியா, 3 மெர்சோ.

ஒரே திராட்சை இப்படி மூன்று முகம் காட்டுவதற்குக் காரணம், அதற்கென்று உரத்த குரல் இல்லாததுதான். மஸ்கட் திராட்சையை எங்கே நட்டாலும் அதன் மணம் வாசலிலேயே பெயர் சொல்லிவிடும். ஷார்டொனே அப்படியல்ல. அதன் பிறப்பும் கலப்பானது. 1999-இல் வெளியான மரபணு ஆய்வு, அதன் பெற்றோர் பினோ நுவாரும் குவே பிளானும் என்று காட்டியது. முன்னது பர்கண்டியின் சீமாட்டி. பின்னது ஏழை உழவர்கள் வளர்த்த, மட்டம் என்று ஒதுக்கப்பட்ட கொடி. இப்படியொரு சம்பந்தம் நடந்திருக்கும் என்று யாரும் எதிர்பார்த்திருக்கவில்லை.

குளிர்ந்த இடத்தில் விளைந்தால் ஆப்பிளும் எலுமிச்சையும், மிதமான வெப்பத்தில் பீச்சும் முலாம்பழமும், நல்ல வெயிலில் அன்னாசியும் மாம்பழமும் தெரியும். இவ்வளவும் தோட்டத்தின் வேலை. வெண்ணெய் தோட்டத்தில் விளைவதில்லை. எனக்கு இது பிடிபட வெகுநாள் ஆயிற்று.

திராட்சைச் சாற்றில் மாலிக் அமிலம் இருக்கிறது. பச்சை ஆப்பிளில் பல்லைக் கூச வைப்பதும் அதுதான். சர்க்கரை சாராயமாக மாறியபின், பெரும்பாலும் ஈனோகாக்கஸ் ஈனி என்ற பாக்டீரியா வேலையைத் தொடங்கி, அந்த மாலிக் அமிலத்தை லாக்டிக் அமிலமாக மாற்றுகிறது. இதற்கு மாலோலாக்டிக் மாற்றம் என்று பெயர். லாக்டிக் என்பது தயிரில் இருக்கும் அமிலம். தமிழில் இரண்டையும் புளிப்பு என்றே சொல்கிறோம். நாக்குக்கு வித்தியாசம் தெரியும். ஒன்று குத்தும், மற்றது தடவிக்கொடுக்கும். இந்த மாற்றத்தின்போது டைஅசிட்டைல் என்ற பொருளும் உருவாகிறது. வெண்ணெய் வாசனை அதனுடையது. சிவப்பு ஒயின்கள் கிட்டத்தட்ட எல்லாமே இந்தக் கட்டத்தைத் தாண்டித்தான் வருகின்றன. வெள்ளை ஒயினில் இதை நடக்க விடலாம், தடுக்கலாம், பாதியில் நிறுத்தலாம். ஒயின் செய்பவரின் விருப்பம்.

இதில் ஒரு சிக்கலும் உண்டு. பெரும்பாலான ஷாப்ளிகளிலும் இந்த மாற்றம் நடக்கிறது, ஆனால் வெண்ணெய் தெரிவதில்லை. அடியில் படிந்த ஈஸ்ட் வண்டலோடு ஒயினை விட்டுவைத்தால், அந்த ஈஸ்ட் டைஅசிட்டைலை மணமில்லாத பொருள்களாக மாற்றிவிடுகிறது. அதே வண்டல் ஒயினுக்குக் வாயை நிறைக்கும் திண்மையும் ரொட்டி மணமும் தருகிறது. பர்கண்டியில் கோலை விட்டு வண்டலைக் கலக்கிவிடும் வழக்கத்துக்கு பாத்தோனாஜ் என்று பெயர். அதிகம் கலக்கினால் ஒயின் கனத்துப்போகும். இப்போது பலர் கையை அடக்கிக்கொள்கிறார்கள்.

ஓக் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பர்கண்டியின் பீப்பாய் 228 லிட்டர் கொள்ளும். உட்புறத்தை நெருப்பில் வாட்டுவதால் வனிலா, கிராம்பு, வறுத்த வாசனைகள் வருகின்றன. அமெரிக்க ஓக்கில் தேங்காய் மணம் தூக்கலாக இருக்கும். மூன்று நான்கு முறை பயன்படுத்திய பீப்பாய் மணம் எதுவும் தராது, காற்றை மட்டும் மெல்ல மெல்லக் கசிய விடும். செலவைக் குறைக்க எஃகுத் தொட்டிக்குள் ஓக் சில்லுகளைப் போடுபவர்களும் உண்டு. எனக்கு அது பிடிப்பதில்லை, மணம் மேலே மிதந்துகொண்டே இருக்கும்.

முதல் கோப்பையின் உவர்ப்புக்குப் பல வருணனையாளர்கள் 'கல்லின் சுவை' என்று எழுதுகிறார்கள். ஷாப்ளியின் நிலம் சுமார் 15 கோடி ஆண்டு பழையது, சுண்ணாம்புக் கல்லில் சின்னச் சின்னச் சிப்பிகள் புதைந்து கிடக்கின்றன என்பது உண்மை. ஆனால் அந்தச் சிப்பியின் ருசி வேர் வழியாக ஏறிக் கோப்பைக்கு வருவதில்லை என்கிறார்கள் நிலவியலாளர்கள். புளிப்பும் சில கந்தகச் சேர்மங்களும் சேர்ந்து அந்த எண்ணத்தைத் தருகின்றன போலும். இரண்டாவது கோப்பையின் தீக்குச்சி வாசனையும் கந்தகத்தின் கைவேலைதான். அளவோடு இருந்தால் அழகு. மிஞ்சினால் கூமுட்டை.

அத்தான் தாள்களைப் பிரித்தார். முதலாவது ஷாப்ளி, அதுவரை மானம் தப்பியது. இரண்டாவது மெர்சோ. பழம் பழமாக இருந்த மூன்றாவதுதான் கலிபோர்னியா.

அக்கா புட்டியை வாங்கித் திருப்பினாள். பின்பக்கம் பொடி எழுத்தில், எஃகுத் தொட்டியில் நொதித்தது, ஓக் தொடாதது, மாலோலாக்டிக் மாற்றம் தடுக்கப்பட்டது என்று எல்லாமே எழுதியிருந்தது. "காசு கொடுத்து வாங்கியவன் நீ. நாள் முழுக்கப் பொடி எழுத்து படிப்பதுதானே உன் பிழைப்பு?" என்றாள். பதில் சொல்ல ஒன்றுமில்லை. 1976 மே 24 அன்று பாரிசில் நடந்த போட்டியில், புட்டியின் பெயர் தெரியாமல் சுவைத்த பிரெஞ்சு நடுவர்கள் கலிபோர்னியாவின் நாபாப் பகுதியில் செய்த ஷாத்தோ மோன்டெலினா 1973 ஷார்டொனேவுக்கு முதலிடம் கொடுத்து, தங்கள் பர்கண்டிகளைக் கீழே தள்ளிய கதையை எடுத்துவிட்டேன். பெரியவர்களே தடுமாறியிருக்கிறார்கள் என்று சமாதானம். "அவர்களிடம் பின்பக்கத் தாளைக் காட்டியிருக்க மாட்டார்களே" என்றார் அத்தான்.

தாளில் 2-க்கும் 3-க்கும் எதிரே எழுதியிருந்ததை இடம் மாற்றிக் குறியிட்டேன். அக்கா முதல் கோப்பையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு, "சரி, எழுதிக்கொள். எனக்கு மெர்சோ ஆகாது" என்றாள். மெர்சோவிலும் வெண்ணெய் தலைதூக்காத, இறுக்கமான ஒயின்கள் இருக்கின்றன. அந்த வாக்கியமும் தப்புதான். பேனாவை எடுத்தேன். திருத்தாமல் அப்படியே விடவேண்டிய சொல்லுக்கு அடியில் நாங்கள் புள்ளி வைப்போம். மெர்சோவுக்கு அடியில் வரிசையாகப் புள்ளி வைத்துவிட்டு, இரண்டாவது புட்டியை என் பக்கம் நகர்த்திக்கொண்டேன்.