1996 – 2006 க்குள் பிறந்த பிள்ளைக்குச் சாதகம் எழுதுவிக்கிறீர்களா? முதலில் நேரத்தைப் பாருங்கள்

பெறாமகளுக்குப் பொருத்தம் சரிவந்து, ஐயர் நாளும் வைத்துத் தந்துவிட்டார். ஆனால் அதற்கு முதல் ஒரு நல்ல சம்பந்தம் கைவிட்டுப் போனது. இலக்கினத்துக்கு எட்டாம் வீட்டில் செவ்வாய், அது தோஷம் என்று மாப்பிள்ளை பகுதி குறிப்பைத் திருப்பி அனுப்பிவிட்டது. உண்மையில் பிள்ளைக்கு எட்டில் செவ்வாய் இல்லை. குறிப்பு எழுதிய கணினி நிலையம் நேரத்தைத் திருத்தாமல் போட்டதால் வந்த வினை. அந்த ஆதங்கம் இன்னும் ஆறவில்லை.

இலங்கையின் மணிக்கூடு 1996 மே 25 அன்று ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளப்பட்டது. அதே வருடம் ஒக்டோபர் 26 இல் அரை மணித்தியாலத்தைக் குறைத்தார்கள். மிச்ச அரை மணித்தியாலம் 2006 ஏப்ரல் 15 வரை இருந்தது. இப்படிக் கூட்டிய நேரம்தான் புது நேரம். வன்னியில் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த இடங்களிலோ பழைய நேரமே நடந்தது. 2000 ஆம் ஆண்டில் யாழ்ப்பாணத்தில் 6.20 என்றால் கிளிநொச்சியில் 5.50. இன்று கலியாணம் பேசும் வயதுப் பிள்ளைகளில் பெரும்பங்கு இந்தப் பத்து வருடத்துக்குள் பிறந்தவர்கள்.

அரை மணித்தியாலத்தால் நட்சத்திரமும் இராசியும் பெரும்பாலும் மாறா. அதனால்தான் பிழை ஒருவர் கண்ணிலும் படுவதில்லை. மாறுவது இலக்கினம், அதாவது பிறந்த நேரத்தில் கீழ்வானில் உதிக்கும் இராசி. ஓர் இலக்கினம் ஏறக்குறைய இரண்டு மணித்தியாலம் நிற்கும். பிறப்பு அதன் ஓரத்தில் விழுந்தால் அடுத்த வீட்டுக்குப் போய்விடும். பெறாமகளுக்குக் கன்னி இலக்கினம் துலாமாக விழுந்தது. இடபத்தில் நின்ற செவ்வாய் கன்னிக்கு ஒன்பது, துலாமுக்கு எட்டு. அதோடு கிரக பாவமும், அதாவது பொருத்தத்துக்குக் கூட்டிப் பார்க்கும் தோஷக் கணக்கும், கூடிவிட்டது. இராசியை ஒன்பதாகப் பிரித்துப் பார்க்கும் நவாம்ச இலக்கினம் சராசரியாகப் பதின்மூன்று நிமிடத்துக்கு ஒருக்கால் மாறுவதால் அது தப்பவே வழியில்லை. திசை இருப்பும், அதாவது பிறக்கும்போது நடக்கும் கிரக திசையில் மிச்சமுள்ள காலமும், நகரும். சுக்கிர திசையில் பிறந்த பிள்ளைக்கு ஏறக்குறைய ஐந்து மாத வித்தியாசம் வரும். புது நேரம் 6.20 க்குப் பிறந்த பிள்ளையென்றால் இன்னொரு சிக்கலும் உண்டு. பழைய நேரத்தில் அது 5.50. அநேக மாதங்களில் அப்போது சூரியன் உதித்திராது, பஞ்சாங்கத்தில் நாள் உதயத்தோடுதான் தொடங்கும், ஆகவே பஞ்சாங்கக் கிழமை முந்தின நாளுடையது.

பிறந்த நேரத்தை எடுப்பதுதான் பெரிய அலைச்சல். எங்களிடம் இருந்த பிறப்புச் சான்றிதழில் நேரம் இல்லை, கிளினிக் காட் இடப்பெயர்வில் போய்விட்டது. வைத்தியசாலைப் பதிவேட்டு அறையில் இருந்தவர் பிள்ளையின் பெயரைக் கேட்டுத் தேடிவிட்டு, அப்படி ஒரு பதிவே இல்லை என்று அனுப்பிவிட்டார். பிறந்த அன்று பிள்ளைக்கு ஏது பெயர்? பிரசவப் பதிவு தாயின் பெயரில் இருக்கும். தாய் அப்போது பாவித்த முழுப்பெயர், அப்போதைய விலாசம், பிறந்த திகதி, அடையாள அட்டைப் பிரதி, இவ்வளவையும் ஒரு கடிதத்தோடு கொடுங்கள். நள்ளிரவை ஒட்டிய பிறப்பென்றால் முன் நாள், பின் நாள் பக்கங்களையும் பார்க்கச் சொல்லுங்கள். வேறொரு அலுவலர் அப்படித் தேடியபோது உடனே கிடைத்தது.

நேரம் கையில் வந்ததும் அது பழையதா புதியதா என்று உறுதிசெய்ய வேண்டும். வீட்டில் பெரியவர்கள் ஏற்கெனவே அரை மணித்தியாலம் கழித்துச் சொல்லியிருப்பார்கள். சாத்திரியார் திரும்பவும் கழித்தால் அதுவும் பிழை. கணினியில் கணிப்பவரிடம் இலங்கைக்குக் கிரீன்விச் நேரத்திலிருந்து என்ன நேரவித்தியாசம் போட்டிருக்கிறது என்று கேளுங்கள். 1996 ஒக்டோபர் 26 க்குப் பிறகு புது நேரத்தில் பிறந்த பிள்ளைக்கு 6.00 என்று இருக்க வேண்டும். மே 25 க்கும் ஒக்டோபர் 26 க்கும் இடையில் என்றால் 6.30. எல்லாவற்றுக்கும் 5.30 போடுகிற இடத்தில் குறிப்பு எடுக்க வேண்டாம்.

கையால் எழுதிய பழைய சாதகம் இருந்தால் நீங்களே சரிபார்க்கலாம். உதயாதி நாழிகை என்று ஒன்று எழுதியிருக்கும். உதயத்திலிருந்து பிறப்பு வரை உள்ள மணித்தியாலத்தை இரண்டரையால் பெருக்கினால் நாழிகை. உதயம் பழைய நேரம் 6.00, பிறப்பு புது நேரம் 10.30 என்றால் சரியான கணக்கு 10 நாழிகை. 11 நாழிகை 15 விநாடி என்று இருந்தால் திருத்தவில்லை என்று அர்த்தம். அந்த வருடப் பஞ்சாங்கம் எந்த நேரத்தில் அச்சாகியிருக்கிறது என்பதையும் பாருங்கள். வைகாசி நடுவில் யாழ்ப்பாண உதயம் 5.50 அளவில் போட்டிருந்தால் பழைய நேரம், 6.20 என்றால் புது நேரம். தை, மாசிப் பக்கத்தை வைத்து முடிவெடுக்காதீர்கள். அப்போது பழைய நேரத்திலேயே உதயம் 6.30 ஐ நெருங்கும்.

இரண்டு குறிப்பும் ஒரே கணிதத்தில் இருப்பது அவசியம். ஒன்று கொக்குவில் வாக்கியப் பஞ்சாங்கம், மற்றது மட்டுவில் திருக்கணிதப் பஞ்சாங்கம் என்றால் நட்சத்திரம் முடியும் நேரமே மணிக்கணக்கில் விலகும். மாப்பிள்ளை ரொறன்ரோவில் பிறந்தவர் என்றால் அங்கத்தைய கோடைகால நேரத்தையும் கேட்டுக்கொள்ளுங்கள்.

திருத்திய குறிப்பை எங்கள் சாத்திரியார் புதிதாக எழுதித் தந்தார். செவ்வாய் ஒன்பதில், பாவமும் குறைவு. அடுத்து வந்த சம்பந்தம் தடையில்லாமல் பொருந்தியது. பொன்னுருக்குக்கும் கலியாணத்துக்கும் நாள் எடுத்தது ஒரு பின்னேரத்து வேலை. குறிப்பின் தலைப்பில் பிறந்த நேரத்துக்குப் பக்கத்தில் "புது நேரம், திருத்திக் கணித்தது" என்று சாத்திரியாரைக் கொண்டே எழுதுவித்துக்கொள்ளுங்கள். பிரதி எடுத்துத் தரகரிடம் கொடுக்கும்போது அந்த வரி வெட்டுப்படாமல் பாருங்கள்.